எறிஞ்சவனே எடுக்கணும்

இலங்கை மலைநாட்டில் கூடை என்று சொன்னால் அது ஒன்றுதான். கொழுந்து பறிக்கிற பெண்கள் தலையில் கயிற்றை மாட்டி முதுகில் தொங்கவிடுகிற கூடை. ஆணுக்குச் செடியை வெட்டிவிடுகிற கவ்வாத்துக் கத்தி, பெண்ணுக்குக் கூடை. விடியற்காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கிற பெரட்டில் யாரும் எழுதி வைக்காமலே எல்லோரும் ஒப்புக்கொண்ட சட்டம் இது. அப்படிப்பட்ட ஊரில் ஏழெட்டு ஆண்கள் அரைக்கால்சட்டை போட்டுக்கொண்டு கூடைப்பந்து ஆடப் புறப்பட்டால் ஊர் வாயை மூடிக்கொண்டா இருக்கும்? “கூடைக்காரனுங்க போறானுங்க, வழி விடுங்கப்பா, கொழுந்து வாடிரும்” என்று ஹட்டன் கடைத்தெருவில் நின்று சிரித்தார்கள். அந்தச் சிரிப்பை ஏழு வருஷம் தாங்கியவர் அழகுமுத்து.

அழகுமுத்துவுக்கு ஹட்டனிலிருந்து நாலு மைல் தள்ளி ஒரு தோட்டத்து ஸ்டோரில் வேலை. தேயிலையை அரைத்துக் காயவைக்கிற தொழிற்சாலையைத்தான் அங்கே ஸ்டோர் என்பார்கள். தூள் நிரப்பிக் கப்பலேற்றுகிற பெட்டிகளை அடிப்பது அவர் தொழில். மெல்லிய பலகை, மூலைக்குச் சட்டம், ஓரத்துக்குத் தகரப்பட்டை, சுற்றிலும் ஆணி. ஒரு பெட்டிக்கு எத்தனை ஆணி என்று தூக்கத்தில் கேட்டாலும் சொல்வார். ஆள் ஆறடி ஒரு அங்குலம். அவர் குடியிருந்த வரிசை வீட்டின், அந்த லயத்தின், கதவுநிலை அவருக்காகக் கட்டினதல்ல. இடிபட்டு இடிபட்டு நெற்றியில் ஒரு வடு நிரந்தரமாகிவிட்டது. வீட்டுக்குள் குனிய வேண்டும், ஸ்டோரில் உத்திரத்துக்குக் கீழே குனிய வேண்டும், துரை வந்தால் அதற்கும் குனிய வேண்டும்.

நாற்பத்தொன்பதில் கம்பெனிக்காரர்கள் அவரை இரண்டு வருஷத்துக்குக் கொழும்புக்கு அனுப்பினார்கள். துறைமுகத்துக்குப் பக்கத்துக் கிடங்கில் உடைந்த பெட்டிகளைத் திருத்துகிற வேலை. கிடங்குக்கு எதிரே ஒரு வாலிபர் மண்டபம். அதன் முற்றத்தில் மாலை ஐந்து மணிக்குக் கூடைப்பந்து ஆடுவார்கள். வேலிக்கு வெளியே நின்று பார்த்துக்கொண்டிருந்தவரை ஒரு நாள் ஆள் குறைந்தபோது உள்ளே கூப்பிட்டார்கள். அவர் கையை உயர்த்தி நின்றார், பந்து வந்தது, வளையத்தில் போட்டார். “நல்லா நிமிர்ந்து நில்லு” என்று எல்லோரும் கத்தினார்கள். பிறந்ததிலிருந்து அவரை யாரும் நிமிர்ந்து நிற்கச் சொன்னதில்லை. அன்றைக்குப் பிடித்த பித்து பிறகு இறங்கவில்லை.

ஊர் திரும்பியதும் ஐக்கிய வாலிபர் விளையாட்டுக் கழகத்தின் பின்னால் அலைய ஆரம்பித்தார். ஹட்டனில் அந்தக் கழகத்துக்குப் பெயர் உண்டு. உதைபந்து, கிரிக்கெட், வாலிபால் என்கிற கரப்பந்து, மழை நாளைக்குக் கேரம் என்று நாலு பிரிவு. ஐந்தாவதாகக் கூடைப்பந்தைச் சேர்க்க அவருக்கு இரண்டு வருஷம் பிடித்தது. சேர்த்த பிறகும் வருடாந்த அறிக்கையில் உதைபந்துக்கு நாலு பக்கம், கேரத்துக்கு அரைப் பக்கம், கூடைப்பந்துக்குக் கடைசியில் ஒரு வரி.

கழகத்தின் செயலாளர் துரைராசா யாழ்ப்பாணத்துக்காரர், கந்தோர் என்கிற அலுவலகம் ஒன்றில் கிளாக்கர். நல்ல மனுஷன், ஆனால் கடிதப் பைத்தியம். எந்தக் கடிதம் எழுதினாலும் கார்பன் தாள் வைத்து ஒரு பிரதி எடுத்துக் கோப்பில் போட்டால்தான் அவருக்குச் சோறு இறங்கும். ஐம்பத்து நாலாம் வருஷம் ஒரு கூட்டத்தில் அவர் பேனாவைத் திறந்துகொண்டு கேட்டார்.

“என்னென்ன சாமான் வேணும், சொல்லும் அழகுமுத்து. கொழும்புக் கடைக்கு எழுதவேணும்.”

“கம்பம் ரெண்டு, வளையம் ரெண்டு, வலை ரெண்டுங்க.”

“பலகை வேண்டாமோ? ஒரு படத்திலை பாத்தனான், வளையத்துக்குப் பின்னாலை பெரிய பலகை ஒண்டு நிண்டது.”

இங்கேதான் அழகுமுத்து தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டார். அவர் சிரித்தார். “பலகை வேணாங்க ஐயா. பலகை நம்மகிட்ட இல்லாத சாமானா? வருசத்துக்கு நாலாயிரம் பெட்டி அடிக்கிறவன் நான். அதை நானே அடிச்சு மாட்டிக்கிறேன்.”

செலவு மிச்சம் என்று கமிட்டி தலையாட்டியது. நுணலும் தன் வாயால் கெடும்.

இரண்டு மாதம் கழித்துச் சரக்கு ரயிலில் கம்பங்கள் வந்து இறங்கின. அழகுமுத்து சாக்கைப் பிரித்துப் பார்த்துவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். பெருவிரலும் சுட்டுவிரலும் வளைத்துப் பிடிக்கிற கனத்தில் இரும்புக் குழாய். நுனியில் சின்ன வளையம், பந்து நுழைவதற்கே யோசிக்க வேண்டிய அளவு. பலகை மாட்டுவதற்கு ஒரு துளைகூட இல்லை. கொழும்பில் அவர் இந்தக் கம்பத்தையும் பார்த்திருக்கிறார். கன்னியர் மடத்துப் பள்ளிக்கூடத்தில் பெண்பிள்ளைகள் வலைப்பந்து ஆடுகிற கம்பம் அது.

கோபத்தில் நேரே கந்தோருக்கே போய்விட்டார். “பொம்பளப்புள்ளைங்க ஆடுற கம்பத்தை வாங்கிப் போட்டுட்டீங்களே ஐயா. ஊரு ஏற்கனவே சிரிக்குது.”

துரைராசா கோபப்படவில்லை. கோப்பை எடுத்தார், பிரதியைப் புரட்டினார், விரலை வைத்துக் காட்டினார். “இரண்டு கம்பம், வளையத்தோடை, வலையோடை, பலகை இல்லாமல். நீர் சொன்னதைத்தான் எழுதினனான். பலகை இல்லாத கம்பம் எண்டால் கடைக்காரனுக்கு வலைப்பந்துக் கம்பம்தானே. அவனிலை என்ன பிழை?”

யார் மேலும் பிழை இல்லை. அதுதான் அழகுமுத்துவுக்குப் பொறுக்கவில்லை. திட்டுவதற்கு ஓர் ஆள் இருந்தால் மனசு ஆறும். திட்ட வேண்டிய ஆள் தானே என்றால் என்ன செய்வது? விற்ற சாமானைக் கடைக்காரன் திருப்பி எடுக்கமாட்டேன் என்று எழுதிவிட்டான். வந்த கம்பத்தையே நட்டார்கள்.

சரி, பலகையையாவது மாட்டிவிடலாம் என்று ஸ்டோரை நடத்துகிற டீமேக்கர் ஐயாவிடம் போய் நின்றார். ஸ்டோரில் வாரத்துக்கு ஒரு கட்டாவது கீறல் விழுந்த பலகை ஒதுக்கப்படும்.

“ஐயா, அந்தக் கழிவுல நாலு பலகை குடுத்தீங்கன்னா கிளப்புக்குப் புண்ணியமா போகும்.”

“கழிவுப் பலகையை அடுப்புலதான் போடணும்னு துரை ஓடர். ஒண்ணு வெளிய போனா, நாளைக்குப் பெட்டியே போகுதுன்னு என்னையக் கேப்பாங்க. போ, கொண்டுபோய் எரி.”

எரித்தார். எந்தப் பலகைக்குக் கையேந்தினாரோ அதையே தன் கையால் முறித்து அடுப்பில் போட்டார். வாரா வாரம் போட்டார்.

பிறகு ஹட்டன் துணிக்கடை ஒன்றில் கெஞ்சி, துணி வந்த மரப்பெட்டி இரண்டை வாங்கி, பிரித்து இழைத்து ஒரு பலகை செய்து கம்பத்தில் கம்பியால் இறுக்கிக் கட்டினார். ஒரு வாரம் அழகாக நின்றது. ஆடி மாதக் காற்று வந்தது. அந்தக் காற்று ஹட்டனில் ஆளையே நகர்த்தும், பலகையை விடுமா? குழாய் வளைந்து, பலகையும் வளையமுமாக உதைபந்துக்காரர்களின் கொட்டகைத் தகரத்தில் போய் விழுந்தது. உள்ளே உதைபந்துக் கேப்டன் சப்பாத்துக் கயிறு கட்டிக்கொண்டிருந்தார். அடுத்த கூட்டத்திலேயே தீர்மானம் போட்டார்கள்: கம்பத்தில் பலகையோ தகரமோ வேறெந்தப் பொருளுமோ மாட்டக்கூடாது. கம்பத்தை மட்டும் நிமிர்த்தி மறுபடி நட்டுக்கொள்ளலாம்.

கனமான மரக்கம்பம் வேண்டும் என்று கேட்டார். உதைபந்துக் கோல் கம்பம் உளுத்துப்போயிருக்கிறது, முதலில் அது, உங்களுக்கு அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றார்கள். அந்த அடுத்த வருஷம் வரவே இல்லை.

ஆக, பலகை இல்லாமலே ஆடினார்கள். ஆடுகளத்தின் ஒரு முனைக்குப் பின்னால் சரிவு, சரிவின் அடியில் தண்ணீர் ஓடுகிற கான். மறுமுனைக்குப் பின்னால் ரயில்பாதை வேலி. வளையத்தில் விழாத பந்து ஒன்று கானுக்குப் போகும், இல்லாவிட்டால் வேலிக்குப் போகும். யார் போய் எடுப்பது என்று முதல் மாதத்தில் தினமும் சண்டை. கடைசியில் ஒரு சட்டம் வந்தது: எறிஞ்சவனே எடுக்கணும். எறிந்தவன் கம்பத்துக்குப் பின்னால் ஓடுவான். மற்ற நாலு பேரும் பந்து திரும்பி வருவதற்குள் முதுகைக் காட்டிக்கொண்டு தங்கள் பக்கத்துக்கு ஓடித் தயாராக நிற்பார்கள். கானில் இறங்கிச் சேறு மிதிக்க யாருக்குப் பிரியம்? அதனாலேயே குறி கூர்மையானது. அந்தச் சின்ன வளையத்தில் ஓரம் படாமல் போடுவதற்கு எல்லோரும் பழகிவிட்டார்கள். மாயாண்டி என்று ஒரு பஸ் கண்டக்டர், சின்ன வயதுக்காரன், பத்துக்கு ஏழு போடுவான்.

வீட்டில் ராக்காயி விடவில்லை. அழகுமுத்துவின் மனைவி அவள். மலையில் நனைந்துவிட்டு வந்து கூடையை இறக்கி வைக்கும்போது கேட்பாள்.

“நான் ஒரு கூடையை முதுகுல மாட்டுறேன், நீங்க ஒரு கூடையைக் கம்பத்துல மாட்டுறீங்க. என் கூடை நெறஞ்சா வீட்டுக்கு அரிசி. உங்க கூடைக்கு அடியே இல்லையாமே, நெசமா?”

“அடி இருந்தா பந்து எப்புடிடீ வெளிய வரும்?”

“அதத்தான் நானும் கேக்குறேன். நெறையாத கூடைக்கு எதுக்கு இத்தன பாடு?”

ஊரிலேயே அவர் குனியாமல் நிற்கிற இடம் அந்த வளையத்தின் கீழேதான்.

அறுபத்தொன்றில் கரப்பந்துக்காரர்கள் வருடாந்தக் கூட்டத்தில் எழுந்து, கூடைப்பந்துக் களத்தைத் தங்களுக்குத் தர வேண்டும் என்றார்கள். ஏழு வருஷத்தில் கூடைப்பந்து வெளியூரில் ஒரு மட்ச்கூட வெல்லவில்லை, ஏன், ஆடவேயில்லை என்றார்கள். உண்மைதான், ஆடுவதற்குப் பக்கத்தில் வேறு அணியும் இல்லை. துரைராசா கூட்டம் முடிந்ததும் அழகுமுத்துவைத் தனியே கூப்பிட்டார்.

“கண்டியிலை அடுத்த மாதம் போட்டி நடக்குது. பேரைக் குடுத்திருக்கிறன். ஒரு மட்ச், ஒண்டே ஒண்டு, வெண்டு கொண்டு வாரும். பிரிவு இருக்கும். இல்லாட்டி என்னாலை ஒண்டும் செய்யேலாது.”

அந்த ஒரு மாதம் அழகுமுத்து சரியாகச் சாப்பிடவில்லை. கண்டியில் பலகை இருக்கும் என்பது அவருக்குத் தெரியும். பையன்களை உட்கார வைத்துச் சொன்னார். “அங்க வளையத்துக்குப் பின்னால பலகை நிக்கும். பந்து விழலன்னா கானுக்குப் போகாது, பலகையில அடிச்சு உள்ளுக்கே திரும்பி வரும். எறிஞ்சவன் ஓடப்புடாது. மத்தவனும் முதுகு காட்டப்புடாது. அங்கனயே நின்னு புடிக்கணும்.” எல்லோரும் சரி அண்ணே என்றார்கள். ஸ்டோர்ச் சுவரில் பந்தை அடித்துப் பிடிக்க வைத்தார். பிடித்தார்கள். ஆனால் ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவுமா? களத்துக்கு வந்தால் பழையபடி எறிந்தவன் கானுக்குத்தான் ஓட வேண்டியிருந்தது.

கண்டிக்கு ஞாயிற்றுக்கிழமை பஸ்ஸில் போனார்கள். களத்தில் இறங்கியதும் அழகுமுத்து முதலில் பலகைக்குப் பின்னால் போய் விரலால் தட்டிப் பார்த்தார். ஒன்றரை அங்குலக் கனம், இழைத்து வெள்ளை பூசியது. நல்ல வேலை. இவ்வளவுதானே, இந்த ஒரு பலகைதானே என்று நினைத்தார்.

ஆட்டம் தொடங்கியதும் எதிரணி திகைத்துவிட்டது. சின்ன வளையத்தில் பழகிய கண்ணுக்குக் கண்டி வளையம் அண்டா வாய் மாதிரி தெரிந்தது. மாயாண்டி எறிந்த முதல் ஐந்தும் ஓரம் படாமல் இறங்கின. பாதி ஆட்டத்தில் ஹட்டன் இருபத்திரண்டு, கண்டி பதினைந்து. துரைராசா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நின்றார்.

இரண்டாம் பாதியில் கை களைத்தது, எறிகள் தவற ஆரம்பித்தன. மாயாண்டி எறிந்த பந்து வளையத்தில் பட்டுப் பலகையில் மோதிக் களத்துக்குள்ளேயே வந்து விழுந்தது. ஹட்டன்காரன் ஒருவனும் அங்கே இல்லை. நாலு பேர் முதுகைக் காட்டிக்கொண்டு தங்கள் பக்கம் ஓடிக்கொண்டிருந்தார்கள். மாயாண்டி பலகைக்குப் பின்னால் போய், இல்லாத கானில் பந்தைத் தேடிக்கொண்டிருந்தான். “கொஹெத யன்னே, மல்லி?” என்று கூட்டத்தில் ஒருவன் சிங்களத்தில் கேட்டான்: எங்கே போகிறாய் தம்பி? களமே சிரித்தது.

அழகுமுத்து பல்லைக் கடித்தார். “திரும்பாதடா, நில்லுடா” என்று கோட்டுக்கு வெளியே நின்று கத்திக்கொண்டே இருந்தார். இரண்டு தடவை நிற்பார்கள், மூன்றாம் தடவை கால் தானாக ஓடிவிடும். சொன்னது காதுக்குப் போகிறது, காலுக்குப் போய்ச் சேரவில்லை. கண்டிக்காரர்கள் விஷயத்தைப் பிடித்துக்கொண்டார்கள். ஹட்டன் பந்து தவறினால் அவசரப்படாமல் போய்ப் பொறுக்கிக்கொண்டார்கள். ஒரு முறை நடுவே நிறுத்தம் வந்தபோது அழகுமுத்து மாயாண்டியின் சட்டையைப் பிடித்து இழுத்து, எல்லோர் முன்னிலையிலும், “மண்டையில மூளை இருக்கா, மாட்டுச் சாணி இருக்கா? மாசம் பூரா எதுக்குடா படிச்சுப் படிச்சுச் சொன்னேன்?” என்று கத்தினார். பையன் தலையைக் குனிந்துகொண்டு நின்றான்.

கடைசி அரை நிமிஷம். களைத்த ஒருவனை வெளியே அனுப்பிவிட்டு அழகுமுத்து தானே களத்தில் இறங்கியிருந்தார். கண்டி முப்பத்தொன்று, ஹட்டன் முப்பது. மாயாண்டி பந்தைப் பிடுங்கிக்கொண்டு ஓடிவந்து, தானே எறியலாம் என்ற இடத்திலிருந்து எறியாமல், அழகுமுத்துவுக்குத் தள்ளிவிட்டான். அழகுமுத்து வளையத்துக்குப் பன்னிரண்டு அடி தூரத்தில் நின்றார். முன்னால் யாரும் இல்லை. நன்றாக நிமிர்ந்து, கையை உயர்த்தி எறிந்தார்.

பந்து வளையத்தின் பின் ஓரத்தில் பட்டது, பலகையில் மோதியது, மெதுவாகத் திரும்பி வந்தது. அவர் எறிந்த இடத்துக்கே வந்து தரையில் ஒரு தரம் குதித்தது, இரண்டாம் தரம் குதித்தது. எட்டிப் பிடித்து மறுபடி போட்டிருந்தால் ஆட்டம் அவர்களுடையது. “அண்ணே” என்று மாயாண்டி கத்தினான்.

அழகுமுத்து பலகைக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தார். பந்து கையை விட்ட உடனே அவர் கால்கள் ஓடிவிட்டன. அவ்வளவு பேருக்கும் புத்தி சொன்ன மனுஷன், குனிந்து, புல்லில் பந்தைத் தேடிக்கொண்டிருந்தார். நடுவர் விசில் ஊதினார்.

கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை என்று துரைராசா பஸ்ஸில் இரண்டு தடவை சொன்னார். மற்றவர்கள் ஆளுக்கொரு விதமாகச் சமாதானம் சொன்னார்கள். மாயாண்டி ஒரு பணிஸ் ரொட்டியைப் பிய்த்துப் பாதியை அவர் கையில் வைத்தான். திருப்பி ஒரு வார்த்தை திட்டியிருந்தாலாவது தேவலாம் என்று அழகுமுத்துவுக்கு இருந்தது. ஹட்டன் வரும்வரை அந்தப் பணிஸ் அவர் கையிலேயே இருந்தது.

கழகம் சொன்னபடி செய்தது. களம் கரப்பந்துக்குப் போனது. அறிக்கையில் இருந்த அந்த ஒரு வரியும் போனது. மறு வருஷம் கம்பங்களை ஒரு பெண்கள் பள்ளிக்கூடத்துக்கு நன்கொடையாகக் கொடுப்பதென்று கமிட்டி முடிவு செய்தது. பிடுங்கிக்கொண்டு போய் நட்டுக்கொடுக்க ஆள் வேண்டும். ஆணியும் சுத்தியலும் பிடிக்கத் தெரிந்தவர், கம்பத்தைப் பற்றி முழுதும் அறிந்தவர் என்று அழகுமுத்துவையே அனுப்பினார்கள். குதிரை கீழே தள்ளியதும் அல்லாமல் குழியும் பறித்ததாம் என்பார்களே, அதுதான். அவர் மறுக்கவில்லை. வேறு யாரோ போய் அதைக் கோணலாக நட்டுவிட்டு வந்தால் அதுவும் தாங்காது.

விளையாட்டுக்குப் பொறுப்பான குணபூசணி டீச்சர் அளவு நாடாவோடு வந்து நின்றார். யாழ்ப்பாணத்திலிருந்து மாற்றலாகி வந்தவர். கம்பத்தை அளந்தார், வளையத்தை அளந்தார்.

“பத்தடி. வளையமும் சரி. இவ்வளவு நல்ல கம்பத்தை இத்தனை வருஷம் எங்கை வச்சிருந்தனீங்கள்?”

“கிளப்புல சும்மா கெடந்துச்சுங்க.” குழியை மூடி மண்ணை மிதித்துவிட்டு அவர் கேட்டார். “டீச்சர், இதுக்குப் பலகை வேணாங்களா?”

“இந்த விளையாட்டுக்குப் பலகையே இல்லை. உறுதியா நிக்குதோ எண்டு ஒருக்கால் எறிஞ்சு பாருங்கோ.”

டீச்சர் பந்தைக் கொடுத்தார். ஒரு வருஷமாக அவர் பந்தைத் தொட்டிருக்கவில்லை. நிமிர்ந்து எறிந்தார். வளையத்தின் ஓரத்தில் பட்டு, கம்பத்தைத் தாண்டி, எல்லைக்கோட்டுக்கு வெளியே போய் விழுந்தது. விழுவதற்கு முன்பே அவர் கம்பத்துக்குப் பின்னால் ஓடியிருந்தார். பந்து நேராக அவர் கைக்கு வந்தது.

டீச்சர் சிரித்தார். “பந்து எங்கை போகும் எண்டு காலுக்கே தெரியுதே. முந்தி வலைப்பந்து விளையாடினனீங்களோ?”

அழகுமுத்து பந்தைக் கையில் வைத்துக்கொண்டு அந்தக் கம்பத்தைப் பார்த்தார். “ஏழு வருசமா அதத்தான் டீச்சர் ஆடுனோம்” என்றார். “எங்களுக்குத்தான் தெரியல.”

பந்தைக் கொடுத்துவிட்டு, சுத்தியலையும் மண்வெட்டியையும் எடுத்துக்கொண்டு, அவர் நாலு மணி பஸ்ஸுக்கு இறங்கி நடந்தார்.